இருவருக்கும் பிடிக்காத நிறம்

பர்வீனிடம் ஒரு வார்த்தை கேட்காமலேயே அவள் பெயரைத் தாலுகா ஆபீஸ் காகிதத்தில் எழுதிவிட்டார்கள். கோயில் சுற்றுச்சுவரின் இரண்டு பாதியும் ஒரே நிறத்தில் இருக்க வேண்டும். நிறத்தைக் கலந்து தரும் பொறுப்பு, விருதுநகர் பெயிண்ட் கடை பர்வீன். பார்வையிடும் நாளில் அவரும் நேரில் இருக்க வேண்டும். கீழே இரு தரப்புக் கையெழுத்து, தாசில்தார் முத்திரை.

தலையாரி முனியராஜ் அந்தக் காகிதத்தைக் கல்லாவின் மேல் வைத்தபோது அவள் முத்திரையைப் பார்க்கவில்லை, கையெழுத்துகளைத்தான் பார்த்தாள். பார்த்ததும் தலையில் கிடந்த முக்காட்டை இழுத்து இறுக்கிக்கொண்டாள்.

"என்னைய ஏன்யா இதுல இழுத்து விட்டீக?"

"நீங்க ரெண்டு பேருக்கும் பொதுன்னு அய்யா சொன்னாரும்மா."

"பொதுன்னா ரெண்டு பக்கத்துக்காரனும் வந்து அடிக்கலாம்னு அர்த்தம். அது ஒங்க அய்யாவுக்குத் தெரியுமா?"

முனியராஜ் கூரையைப் பார்த்தான். அரசாங்கச் சம்பளம் வாங்குகிறவனுக்குக் கூரையைப் பார்க்கத் தெரிந்தால் பாதி உத்தியோகம் பார்த்த மாதிரி.

ஊர், வெம்பக்கோட்டை அணைக்கு மேற்கே இருக்கிறது. பெயர் வேண்டாம். சொன்னால் எந்த வகையறா சொல்லி எழுதினாய் என்று கேட்டு வந்துவிடுவார்கள். அங்கே பேச்சியம்மனைக் கும்பிடுகிற அத்தனை பேரும் ஒரே பாட்டனின் வாரிசுகள். பாட்டனுக்குப் பெண்டாட்டி இரண்டு. மூத்தாள் வகையறா சுவரின் கிழக்குப் பாதிக்கும், இளையாள் வகையறா மேற்குப் பாதிக்கும் வருசா வருசம் பங்குனிப் பொங்கலுக்கு முன்னால் வர்ணம் அடிக்க வேண்டும் என்பது வழக்கம். மூத்தாளுக்கு மஞ்சள், இளையாளுக்கு நீலம். வாசல் வளைவு நடுவில் நிற்கிறது, அதிலும் பாதிப் பாதி.

போன வருசம் வளைவின் உச்சியில் மஞ்சள் பிரஷ் நீலத்துக்குள் அரை விரல் ஏறிவிட்டது என்று ஒருவன் சொன்னான். ஏறவில்லை, நீலம்தான் இறங்கி வந்திருக்கிறது என்று இன்னொருவன் சொன்னான். இரண்டு மண்டை உடைந்தது. பொங்கல் பானை அடுப்பிலேயே தீய்ந்தது. வாண வேடிக்கைக்கு வாங்கிய வெடியை யாரும் வெடிக்காமல், போலீஸ் தண்ணீரில் நனைத்துக் குழி தோண்டிப் புதைத்தது. தாயில்பட்டி, ஆனைக்குட்டம் என்று சுற்றியுள்ள ஊர்களெல்லாம் உலகத்துக்கே வெடி செய்து அனுப்புகிற மண்ணில் ஒரு கோயில் வெடிக்குக் குழி தோண்டியது அதுதான் முதல் தடவை. அதனால்தான் இந்த வருசம் தாசில்தார் ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டார். ஒரே நிறம். இல்லையென்றால் திருவிழா இல்லை.

அப்படியானால் வெள்ளை அடித்துத் தொலையுங்களேன் என்று அவரே கேட்டுப் பார்த்தார். அங்கேதான் அவர் வெளியூர்க்காரர் என்பது தெரிந்தது. பாட்டன் செத்த பிறகு மூத்தாள் கடைசி வரைக்கும் வெள்ளைச் சேலை கட்டினாள். இளையாள் பத்தாம் நாளே சாயச்சேலைக்கு மாறிவிட்டாள். சுவர் முழுக்க வெள்ளை அடித்தால் இளையாள் வகையறா அந்தச் சாயச்சேலைக்கு மன்னிப்புக் கேட்ட மாதிரி ஆகும். நாலு தலைமுறை ஆகியும் அந்தச் சேலை இன்னும் காயவில்லை.

இவர்களுக்கு நடுவில் நின்றவன் கதி என்ன ஆகும் என்பதும் பர்வீனுக்குத் தெரியும். மூன்று வருசத்துக்கு முன்னால் சிவகாசியில் வெள்ளைத்துரை என்ற பிரஸ்காரர் இவர்கள் திருவிழா நோட்டீஸை அடித்தார். மூத்தாள் வகையறாப் பெயர்கள் மேலே, மற்றவை கீழே. மறுநாள் இளையாள் பக்கத்துப் பையன்கள் பிரஸ்ஸின் போர்டைக் கழற்றிக் கண்மாயில் போட்டார்கள். அவர் பயந்துபோய் இலவசமாக மறுபடி அடித்தார், பெயர்களைக் கீழ்மேலாக்கி. அன்றைக்கே மூத்தாள் பக்கத்தார் வந்து கண்ணாடிக் கதவை உடைத்தார்கள். இப்போது கோயில் நோட்டீஸ் என்று யார் வாசலில் நின்றாலும் அவர் பின்கதவு வழியாக டீ குடிக்கப் போய்விடுகிறார்.

ஆகவே பர்வீனுக்கு வேண்டியது ஒன்றுதான். சுவரின் இரண்டு பாதியும் மயிரிழை வித்தியாசமில்லாமல் ஒன்றாக இருக்க வேண்டும். ஒரு பாதி கொஞ்சம் மஞ்சளாகவோ நீலமாகவோ சாய்ந்தால், அவள் சாய்ந்ததாகத்தான் அர்த்தம். அப்புறம் கடை இருக்காது.

செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு இரு தரப்பும் கடைக்கு வந்தன. மூத்தாள் தரப்புக்குத் தங்கப்பாண்டியன். ஐம்பது வயது. நிலத்தில் முக்கால்வாசியைப் பட்டாசுக் கம்பெனிக்குக் குத்தகைக்கு விட்டுவிட்டு, மீதியில் வத்தல் போடுகிறவர். இளையாள் தரப்புக்கு மாடத்தி. அறுபதைத் தாண்டியவள், பருத்திக்காரி. அவள் புருசன் தங்கப்பாண்டியனுக்குப் பங்காளி முறையில் அண்ணன். புருசன் போய்ச் சேர்ந்து எட்டு வருசமாக வகையறாவின் வாய் அவளுடையதுதான். முறைப்படி இவர்கள் மதினியும் கொழுந்தனும். கேலி பேசிக்கொள்ள உரிமையுள்ள உறவு. இவர்கள் அந்த உரிமையை அரிவாள் மாதிரிப் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

கடையில் இரண்டு நாற்காலி உண்டு. ஒன்றுக்குக் கைப்பிடி இருந்தது, மற்றதற்கு இல்லை. பர்வீன் முன்கூட்டியே இரண்டையும் உள்ளே தூக்கிப் போட்டுவிட்டு, இருபது லிட்டர் காலிப் பக்கெட் இரண்டைக் கவிழ்த்து வைத்திருந்தாள்.

"என்ன மதினி, பக்கெட்டு தாங்குமா?" என்றார் தங்கப்பாண்டியன்.

"தாங்கும் கொழுந்தனாரே. ஒங்க அண்ணன் போன பெறகு நாந்தான எல்லாத்தையும் தாங்குதேன், ஒங்களையும் சேத்து."

தலையாரி முனியராஜ் சாட்சியாகக் கதவோரம் நின்றான்.

பர்வீன் ஒரு லிட்டர் வெள்ளையை டப்பாவில் ஊற்றினாள். புது நிறத்துக்கு மெஷினில் நம்பர் கிடையாது. கையால் கலந்து பார்த்துத்தான் கணக்கு எடுக்க வேண்டும். ஸ்டெய்னர் என்கிற கெட்டிச் சாயப் பாட்டில்களை வரிசையாக வைத்தாள். ஊசி கழற்றிய ஆஸ்பத்திரி சிரிஞ்சில் மஞ்சளை உறிஞ்சி, எல்லோரும் பார்க்கும்படி தூக்கிப் பிடித்தாள்.

"மஞ்சள் பத்து மில்லி. நீலம் நாலு."

மாடத்தி பக்கெட்டை விட்டு எழுந்தே விட்டாள். "நில்லு. அவுகளுக்குப் பத்து, எங்களுக்கு நாலா? ஏன், இளையாள் புள்ளைகன்னா எளக்காரமா?"

"அக்கா, நீலத்துக்கு வேகம் அதிகம். நாலு மில்லியே பத்து மில்லி மஞ்சளை அமுக்கிரும்."

"என்னது?" இப்போது தங்கப்பாண்டியன் எழுந்தார். "அப்ப எங்க மஞ்சளு சோதாவா? அத இவுக அமுக்குவாகளா? பாயம்மா, வார்த்தைய அளந்து பேசணும்."

"அளந்துதான் அண்ணாச்சி பேசுறேன். சிரிஞ்சு கையில இருக்கு."

பர்வீனின் வாப்பா முகைதீன் வத்தல், மல்லித் தரகராக இருந்தவர். வாங்குகிறவனும் விற்கிறவனும் முறைத்துக்கொண்டு நின்றால் அவர் விலையைத் தொடமாட்டார், அளக்கும் படியை மாற்றிவிடுவார். பர்வீன் அதையே செய்தாள். நாலு பங்கு நீலத்தில் ஆறு பங்கு வெள்ளையை ஊற்றிக் கலக்கி, வேறு பாட்டிலில் அடைத்தாள்.

"இப்ப இதுலயும் பத்து. அதுலயும் பத்து. பத்துக்குப் பத்து. போதுமா?"

மாடத்தி யோசித்தாள். "எங்க பத்துல வெள்ளை கெடக்கே. அது மூத்தாளு கலரில்ல?"

"மதினி," என்றார் தங்கப்பாண்டியன் பல்லைக் காட்டி, "எங்க மூத்தாளு தயவு இல்லாம ஒங்க ஆத்தா எப்பக் குடும்பம் பண்ணுனா?"

"அம்புட்டுத் தயவு பண்ணுனவ வீட்ட விட்டுட்டு, ஒங்க தாத்தன் ஏன் எங்க ஆத்தா வீட்டுல வந்து செத்தான்னு மொதல்ல கேட்டுட்டு வாங்க."

முனியராஜ் இரண்டு பேருக்கும் நடுவே ஒரு காலை எடுத்து வைத்தான். பர்வீன் அந்தச் சத்தத்துக்குள்ளேயே மஞ்சளையும் நீலத்தையும் டப்பாவுக்குள் விட்டுக் குச்சியால் கலக்கினாள். குளுகுளுவென்று ஒரு இளம்பச்சை திரண்டு வந்தது. இரண்டு பேருமே சண்டையை விட்டுவிட்டு எட்டிப் பார்த்தார்கள்.

"நல்லாத்தான் இருக்கு," என்றார் தங்கப்பாண்டியன்.

"ஆகாது," என்றாள் பர்வீன்.

"ஏன்?"

"இன்னிக்கு நல்லா இருக்கும். நாளைக்கு எவனாவது ஒருத்தன், பேச்சி கோயிலுக்கு பாயம்மா பச்சை அடிச்சு விட்டுட்டான்னு சொல்லுவான். அந்த நிமிசமே நீங்க ரெண்டு வகையறாவும் ஒண்ணாச் சேந்து எங்கடைக்கு வருவீக. நீங்க ஒண்ணு சேர்றதுக்கு நான் செலவாக முடியாது."

இரண்டு பேரும் டப்பாவை விட்டுப் பின்வாங்கிப் பக்கெட்டில் உட்கார்ந்தார்கள்.

"மூணாவது ஒண்ணு போடணும். கோயில் படிக்கட்டுல காவிப்பட்டை யாரு அடிக்கிறா?"

"அது பூசாரி," என்றான் முனியராஜ். "ரெண்டு பக்கத்துலயும் சேராதவரு."

"அப்பக் காவி."

இரண்டு மில்லி காவி விட்டுக் கலக்கினாள். பச்சை அழுக்காகி, விறைத்துக்கொண்டு காக்கியாக நின்றது.

"போலீஸ் ஸ்டேசன் மாதிரில்ல இருக்கு!" என்றார் தங்கப்பாண்டியன்.

"ஒங்களுக்குப் பழகின எடந்தான, கொழுந்தனாரே."

"போன வருசம் ஒங்க மகனும் எம்பக்கத்துல குத்த வச்சுத்தான் இருந்தான் மதினி. ராத்திரி பூரா அம்மா அம்மான்னு அழுதான்."

மாடத்தி முகம் சுண்டியது. பர்வீன் இன்னும் மூன்று மில்லி காவியை விட்டாள். காக்கி மெல்ல இளகி, பச்சை ஒதுங்கி, பழுப்பும் மஞ்சளும் சாம்பலும் அடித்துக்கொண்டு ஓய்ந்த மாதிரி ஒரு நிறம் வந்து நின்றது. பக்கத்துக் கமிஷன் கடை வாசலில் குவிந்துகிடந்த மல்லி விதையின் நிறம்.

தங்கப்பாண்டியன் முகத்தைச் சுளித்தார். "இது என்ன, செத்த கலரு?"

மாடத்தியும் சுளித்தாள். "குழம்புக்குத்தான் ஆகும். சாமிக்கா?"

பர்வீன் இரண்டு முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். வாப்பா வியாபாரம் படிந்ததா என்று பார்ப்பது இப்படித்தான். ஒருவன் சிரித்தால் மற்றவன் ஏமாந்திருக்கிறான். இரண்டு பேரும் வேப்பங்காயைக் கடித்தவர்கள் போல இருந்தால்தான் தராசு நேராக நிற்கிறது. இங்கே சுளிப்பு இரண்டு பக்கமும் சரி எடையாக இருந்தது.

"இதுதான்," என்றாள்.

அட்டையில் அடித்து ஃபேனுக்கு எதிரே வைத்தாள். கையெழுத்துப் போடப் பேனாவை எடுத்தவர்களைத் தடுத்தாள். "ஈரத்துல பாத்துப் பேசாதீக. ஈரத்துல ஒண்ணு இருக்கும், காஞ்சா வேறயா இருக்கும். காய விடுங்க."

அரைமணி நேரம் இரண்டு எதிரிகளும் கவிழ்த்த பக்கெட்டுகளில் உட்கார்ந்து அட்டை காய்வதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். காய்ந்தபோது நிறம் ஒரு படி கூடியிருந்தது. அட்டையை மூன்றாக வெட்டினாள். ஆளுக்கு ஒன்று, தாசில்தாருக்கு ஒன்று. மூன்றின் முதுகிலும் கையெழுத்து. கலந்தது போக மிச்சமிருந்த டப்பாவை மூடி, அரக்கு வைத்து, அதையும் ஆபீசுக்குக் கொண்டுபோக வேண்டும் என்றான் முனியராஜ். அய்யா உத்தரவாம். கொடுத்தாள். கொடுத்ததும் அதை மறந்தும் போனாள். வியாபாரி மகள் செய்யக்கூடாத தப்பு. ஒரு சாமான் கடையை விட்டுப் போனால், அது எங்கே போய் உட்காரும் என்று யோசித்திருக்க வேண்டும்.

ஆறு பக்கெட் கலக்க வேண்டும். ஆளுக்கு மூன்று. மறுநாள் வந்து எடுத்துக்கொள்ளச் சொன்னாள்.

மறுநாள் காலை ஒன்பதுக்கே தங்கப்பாண்டியன் தனியாக வந்தார். கடையில் யாரும் இல்லை என்று பார்த்துக்கொண்டு கல்லாவை ஒட்டி நின்றார். பழக்க தோசத்தில் தோள் துண்டை எடுத்துக் கையின் மேல் போட்டார். சந்தையில் துண்டுக்கு அடியில் விரலைப் பிடித்து விலை பேசுகிற பழக்கம். எதிரே நிற்பது பெண்பிள்ளை என்று உறைத்ததும் துண்டை உதறித் தோளிலேயே போட்டுக்கொண்டார்.

"பாயம்மா, எம்மூணு பக்கெட்டுல மட்டும் பக்கெட்டுக்கு அம்பது மில்லி மஞ்சளு கூடப் போட்டுரு."

"எதுக்கு அண்ணாச்சி? வித்தியாசம் தெரிஞ்சிருமே."

"லேசாத் தெரியட்டும். எங்க ஆளுகளுக்கு நான் சொல்லிக்கிடுவேன். எங்க பாதியில எங்க கை ஓங்கி இருக்குன்னு."

"கார்டுல கையெழுத்துப் போட்டிருக்கீக."

"போட்டேன். வெள்ளைத்துரையும் நோட்டீசுல பேரு போட்டான். அவன் பிரஸ்ல கண்ணாடி எம்புட்டுத் தடிமன்னு ஒனக்குத் தெரியுமா? எனக்குத் தெரியும்." சொல்லிவிட்டுக் கடையின் கண்ணாடி அலமாரியை விரலால் தட்டிப் பார்த்தார், முலாம்பழம் வாங்குகிறவன் தட்டுவது போல. "போடு. நான் நின்னு பாக்கணும்."

அவர் பார்க்கப் பார்க்கப் பர்வீன் மூன்று பக்கெட்டிலும் மஞ்சளை விட்டாள். சாயங்காலம் வண்டி அனுப்புவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

பதினொரு மணிக்கு மாடத்தி வந்தாள். முந்தானையை வரிந்து கட்டியிருந்தாள்.

"தங்கச்சி, கொழுந்தன் வந்துட்டுப் போனானாமே?"

"பெயிண்டு ஆயிருச்சான்னு கேக்க வந்தாக."

"அவன் கேக்க மட்டும் வர்ற ஆளா? சரி, என்னமோ போ. எனக்கு எங்க மூணு பக்கெட்டுல நீலம் கூடப் போடணும். அம்பது மில்லி."

அந்த ஐம்பதைக் கேட்டதும் பர்வீனுக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது. ஒரே பாட்டன் ரத்தம். கள்ளத்தனத்தில்கூட அளவு பிசகவில்லை.

"அக்கா, மாட்டேன்னு சொன்னா?"

"சொல்லேன். நீ அவன் ஆளுன்னு ஊருக்குள்ள ஒரே ஒரு வார்த்தை விடுவேன். பொறவு ஒங்கடை வாசல்ல வந்து நிக்கிறது நானா இருக்காது. எங்க பயலுகளுக்குப் போர்டு கழட்டுறது கைவந்த வேலை." மாடத்தி புன்னகைத்தாள். "வயசு ஆயிருச்சு எனக்கு, ஏணியில ஏற முடியாது. அவனுக ஏறுவானுக."

அவள் முன்னாலும் பர்வீன் ஊற்றினாள்.

மாடத்தி போனதும் கடை ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, ஆறு பக்கெட்டையும் வரிசையாக நிறுத்தி, இடுப்பில் கைவைத்துக்கொண்டு பார்த்தாள். இப்படியே போனால் கிழக்கு மஞ்சளாகச் சாயும், மேற்கு நீலமாகச் சாயும். தாசில்தார் வெயிலில் நின்று பார்த்தால் குருட்டுக் கண்ணுக்கும் தெரியும். கூட விட்டதைத் திரும்ப உறிஞ்சி எடுக்கவும் முடியாது.

எடுக்க முடியாது. ஆனால் விடலாம்.

தங்கப்பாண்டியன் பக்கெட்டுகளில் ஐம்பது ஐம்பது நீலம் விட்டாள். மாடத்தி பக்கெட்டுகளில் ஐம்பது ஐம்பது மஞ்சள். நிறம் பச்சைக்கு ஓடாமல் இருக்க ஆறிலும் இருபத்தைந்து காவி. ஒவ்வொன்றாகக் கலக்கி, ஆறு பக்கெட்டிலிருந்தும் ஆறு அட்டையில் அடித்துக் காயவைத்துப் பார்த்தாள். ஆறும் ஒரே நிறம். அதே மல்லி விதைதான், கொஞ்சம் வறுபட்ட மல்லி. ஒன்றுக்கொன்று பழுதில்லை. பாதிக்குப் பாதி ஒத்துவிட்டால் பிறகு கார்டை யார் ஒட்டிப் பார்க்கப் போகிறார்கள்? அப்படித்தான் நினைத்தாள். மதியத் தொழுகைக்கு ளுஹர் பாங்கு கேட்டதும் கையைக் கழுவப் போனாள். சாயங்காலம் இரண்டு வண்டி வந்து, தலைக்கு மூன்று பக்கெட்டாக ஏற்றிக்கொண்டு போனது.

திங்கட்கிழமை பார்வையிடும் நாள். விருதுநகரிலிருந்து சிவகாசி, அங்கிருந்து வேறு பஸ். பக்கத்து சீட்டில் பட்டாசுக் கம்பெனிக்குப் போகும் பெண்கள், நகக்கண்ணில் ஏறிய அலுமினியப் பவுடரோடு, டிபன் தூக்கை மடியில் வைத்துக்கொண்டு தூங்கிக்கொண்டு வந்தார்கள்.

கோயிலை நெருங்கும்போது முதலில் சுவர் தெரிந்தது. கிழக்கும் மேற்கும் ஒரே சுவராக, ஒரே பிள்ளை போல நின்றது. பர்வீனுக்கு நெஞ்சில் இருந்த கல் இறங்கியது. வாசல் வளைவு தெரிந்ததும் அந்தக் கல் திரும்பவும் ஏறிக்கொண்டது.

போன வருசத்து அரை விரலை நினைத்து இரண்டு வகையறாவும் நடுக்கோட்டுக்கு இரண்டு விரல் முன்னாலேயே பிரஷ்ஷை நிறுத்தியிருந்தார்கள். நடுவில் நாலு விரல் அகலத்துக்கு, மேலிருந்து கீழ் வரைக்கும், பழைய மஞ்சளும் நீலமும் கட்டிப்புரண்டது அப்படியே கிடந்திருக்கிறது. யார் அடிப்பது? அடித்தவன் நடுவை எடுத்துக்கொண்டதாக ஆகும். ஒருவன் பெயிண்டை மற்றவன் ஒத்துக்கொள்ளவில்லை. முனியராஜ் போன் போட்டுக் கேட்டிருக்கிறான். நடுவில் நாலு விரல் எந்தத் தரப்புக்கும் சொந்தமில்லை, புறம்போக்கு என்று எழுதிக்கொள், ஆபீசில் அரக்கு வைத்த டப்பா இருக்கிறதே, அதை எடுத்து நீயே அடித்துவிடு என்று தாசில்தார் சொல்லிவிட்டார்.

பர்வீன் போய்ச் சேர்ந்தபோது முனியராஜ் ஏணியை விட்டு இறங்கிக்கொண்டிருந்தான். பங்குனி வெயிலில் அந்தக் கோடு அப்போதே காய்ந்திருந்தது. சுவர் முழுக்க வறுத்த மல்லி. நடுவே நேராக ஒரு வறுக்காத மல்லிக் கோடு, வெட்டுப்பட்டு ஆறிய தழும்பு போல.

கிழக்கே நாற்பது பேர் நின்றார்கள், மேற்கே நாற்பது பேர். சாமி கும்பிட வந்தவர்கள் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார்கள். இவர்கள் கையைப் பின்னால் வைத்துக்கொண்டு நின்றார்கள். பின்னால் என்ன வைத்திருக்கிறார்கள் என்று பார்க்கப் பர்வீன் விரும்பவில்லை.

தாசில்தார் ஜீப்பிலிருந்து இறங்கிச் சட்டைப்பையிலிருந்து அட்டையை எடுத்தார். கிழக்கை ஒரு பார்வை, மேற்கை ஒரு பார்வை. தலையை ஆட்டினார். பர்வீன் மூச்சு விட்டாள். அவர் அட்டையை நடுக்கோட்டில் ஒட்டிப் பிடித்தார். அச்சடித்த மாதிரி ஒத்தது. கிழக்கில் வைத்தார். ஒக்கவில்லை. மேற்கில் வைத்தார். ஒக்கவில்லை.

"நடுவுல இருக்கதுதான் நீங்க கையெழுத்துப் போட்ட கலரு. அப்ப ரெண்டு பக்கமும் இருக்கறது என்ன?" அவர் திரும்பிப் பார்த்தது பர்வீனை. "நீங்கதானம்மா பொறுப்பு?"

எண்பது பேர் கண்ணும் அவள் மேல் விழுந்தது. தங்கப்பாண்டியன் மேற்குச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். மாடத்தி கிழக்குச் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். எதிரி பாதி தன் பாதியைவிட வெளிறித் தெரியும் என்று நாலு நாளாகக் காத்திருந்தவர்கள். இரண்டு முகத்திலும் ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. இன்னும் ஒரு நிமிடம் விட்டால் ஒருவர் வாயைத் திறந்து, பாயம்மா ஏமாத்திட்டா என்று சொல்லிவிடுவார். மற்றவர் ஆமாம் போடுவார். இந்த ஜென்மத்தில் அவர்கள் ஒத்துப்போகிற ஒரே விசயமாக அவள் ஆகிவிடுவாள்.

பர்வீன் முந்திக்கொண்டாள்.

"கலந்தது நான் சார். அடிச்சது அவுக. குறை இருந்தா அண்ணாச்சி சொல்லட்டும், இல்ல மாடத்தியக்கா சொல்லட்டும். யாராவது ஒருத்தர் சொன்னாப் போதும், எந்தப் பக்கெட்டுல எதை, எந்தக் கிழமையில, யாரு பக்கத்துல நின்னு பாக்கப் போட்டேன்னு இங்கனயே, பேச்சி முன்னாலயே, ஒண்ணு விடாமச் சொல்லிடுறேன்."

தங்கப்பாண்டியன் துண்டால் கழுத்தைத் துடைத்தார்.

"குறைன்னு நான் சொன்னேனா?" என்றார். "அது காயல சார். நடுவுல அடிச்சது இன்னும் காயல. காஞ்சா எங்க கலர் வந்துரும்."

தாசில்தார் நடுக்கோட்டில் விரலை வைத்துத் தேய்த்து, விரலைத் தூக்கிக் காட்டினார். "காஞ்சிருக்கேய்யா."

"மேல காஞ்சிருக்கும்," என்றாள் மாடத்தி அழுத்தமாக. "உள்ள ஈரம் சார். ஈரத்துல பாத்துப் பேசக் கூடாது. பாயம்மா அன்னிக்கே சொல்லுச்சு. ரெண்டு நாள் ஆகும்."

"மூணு நாளு ஆகும்," என்றார் தங்கப்பாண்டியன். அதிலும் ஒரு நாள் கூடத்தான் கேட்டார்.

தாசில்தார் இருவரையும் பார்த்தார். முட்டாள் இல்லை அவர். ஆனால் இன்னும் இரண்டு ஊரில் இதே போல இரண்டு சுவர்கள் அவருக்காகக் காத்திருந்தன. இரு பாதியும் ஒரே நிறம், இரு தரப்பும் ஒப்புக்கொண்டனர் என்று எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டு ஜீப்பில் ஏறினார். திருவிழா நிலைத்தது.

ஜீப் தூசி அடங்கவில்லை.

"ஏன் கொழுந்தனாரே," என்றாள் மாடத்தி, "ஒங்க பாதி எதுக்கு இம்புட்டுக் கருத்துக் கெடக்கு?"

"ஒங்க பாதி எதுக்குக் கருத்துச்சோ அதுக்குத்தான் மதினி."

"திருட்டுப் பய."

"திருடி."

அதோடு இரண்டு பேரும் பர்வீன் பக்கம் திரும்பினார்கள். தங்கப்பாண்டியன் அவள் காலடியில் காறித் துப்பினார். காலில் படாமல், பட வேண்டும் என்று நினைத்திருந்தால் பட்டிருக்கும் என்று தெரிகிற தூரத்தில்.

"எம்பக்கெட்டுக்குள்ள அவ நீலத்த ஊத்திட்டேல்ல? இனிமே எங்க வகையறாவுல ஒருத்தன்கூட ஒங்கடைப் படி மிதிக்க மாட்டான்."

"எங்க வகையறாவும்தான்," என்றாள் மாடத்தி. "அவன் மஞ்சளு எங்க செவத்துல. த்தூ! நாங்க பெயிண்டே அடிக்காமக் கெடந்தாலும் கெடப்போம், ஒங்கிட்ட வர மாட்டோம்."

பர்வீன் இரண்டு முகத்தையும் பார்த்தாள். வலது முகத்தில் எவ்வளவு வெறுப்போ, இடது முகத்திலும் அவ்வளவே இருந்தது. ஒரு குன்றிமணி கூடவும் இல்லை, குறையவும் இல்லை. கடை போர்டு பத்திரம், கண்ணாடியும் பத்திரம் என்று அவளுக்குப் பட்டது. ஒருவன் உடைக்க வந்தால், தான் ஏமாந்ததை அவனே ஊருக்குச் சொன்ன மாதிரி ஆகிவிடும், மற்றவன் அதைப் பார்த்துச் சிரிப்பான். அந்தச் சந்தோசத்தை ஒருவனுக்கு ஒருவன் கொடுக்க மாட்டார்கள்.

"நல்லது அண்ணாச்சி. நல்லதுக்கா," என்று சொல்லிவிட்டு நடந்தாள்.

பஸ் நிறுத்தத்தில் முனியராஜ் ஓடிவந்து பிடித்தான். கையில் அரக்கு உடைந்த அந்த டப்பா.

"அம்மா, இதுல அரை லிட்டர் மிச்சம் கெடக்கு. எடுத்துட்டுப் போயிக் காத்துப் போகாம மூடி வைங்க. அய்யா சொல்லச் சொன்னாரு, அடுத்த வருசமும் புறம்போக்குக்கு நாமதான அடிக்கணும்."

பர்வீன் டப்பாவை வாங்கவில்லை. தூரத்தில் வெடிக் கிடங்குப் பக்கம் சோதனைக்கு ஒரு வெடி போட்டார்கள். நிறுத்தத்தில் நின்ற நாய்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை.

"ஒங்க ஆபீசுலயே வை," என்றாள். "இந்தக் கலரு எங்கடையில இருந்தா, யாருக்காக வச்சிருக்கேன்னு அதுக்கும் ஒரு சண்டை வரும்."